ஆறு டேக், ஆறு மாத்திரை

அந்த ஆவணப்படக் கம்பெனியில் எல்லாரும் அவளை இருமலக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். அவளுக்கு இருமல் கிடையாது. நாலு மாடி ஏறி வந்தாலும் மூச்சு வாங்காத உடம்பு. பெயர் ஒட்டிக்கொண்ட விதம் வேறு.

ஒன்பதாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டுத் தட்டச்சு கற்றுக்கொண்டவள் அவள். கம்பெனியில் முதலில் கிடைத்தது, பேட்டிகளைக் கேட்டு டைப் அடிக்கும் வேலை. ஜன்னல் இல்லாத ஒரு சின்ன அறை, ஒரு கம்ப்யூட்டர், காதுக்கு ஹெட்போன். ஒரு மணி நேரப் பேட்டியை எழுத்தாக்க அரை நாள் பிடிக்கும். அந்த அரை நாளும் யாரிடமும் வாய் திறக்க வேண்டியதில்லை. அவளுக்கு அதுவே சொர்க்கம். நாலு பேர் நடுவில் "நீ என்னம்மா நினைக்கிற?" என்று யாராவது கேட்டுவிட்டால் போதும், காது மடல் கொதிக்க ஆரம்பித்துவிடும்.

கம்பெனி எடுப்பது உடம்பைப் பற்றிய படங்கள். உடம்பை வைத்துக்கொண்டு மனிதர்கள் அடிக்கிற கூத்தைப் பற்றிய படங்கள் என்றும் சொல்லலாம். அந்த அறையில் அதற்கு முன்னால் உட்கார்ந்தவர்கள் பேச்சை மட்டும் டைப் அடித்தார்கள். இவளுக்கு எதை விடுவது, எதை வைப்பது என்று யாரும் சொல்லித் தரவில்லை. அதனால் காதில் விழுந்ததையெல்லாம் அடித்து வைத்தாள். ஒரு பேட்டியில் இப்படி இருந்தது:

"சிகரெட்டை விட்டு ரெண்டு வருஷம் ஆச்சுங்க. (இருமல்.) இப்ப அந்த வாசனையே ஆகாது. (இருமல். நாற்காலி நகர்கிறது. தீப்பெட்டி மாதிரி ஏதோ கீழே விழுகிறது. இரண்டு பேரும் கொஞ்ச நேரம் பேசவில்லை.)"

டைரக்டர் இதைப் படித்துவிட்டு மேசையைத் தட்டித் தட்டிச் சிரித்தார். எடிட்டிங் அறையில் உரக்கப் படித்துக் காட்டினார். அன்று சாயங்காலத்துக்குள் பெயர் வைத்தாகிவிட்டது.

கூர்ந்து பார்க்கும் பழக்கம் அவளுக்கு வீட்டிலிருந்து வந்தது. மாமியாருக்குச் சர்க்கரை நோய். பிஸ்கட் டப்பாவை அலமாரியின் மேல்தட்டில் வைத்திருந்தார்கள். "நான் அந்தப் பக்கமே போகல" என்பார் மாமியார், கேட்கும் முன்னாலேயே. ஆனால் டப்பாவின் மூடி மட்டும் மற்றவர்கள் மூடுவதைவிட அழுத்தமாக மூடியிருக்கும். இவள் எதுவும் சொல்ல மாட்டாள். டப்பாவில் இருக்கும் பிஸ்கட்டை மட்டும் சர்க்கரை இல்லாததாக மாற்றி வைத்தாள். "இந்தத் தடவை பிஸ்கட் நல்லா இல்லையே" என்று மாமியார் ஒரு நாள் வாய் தவறிச் சொல்ல, லிஃப்ட் மெக்கானிக்கான அவள் கணவர் சாப்பிட்டுக்கொண்டிருந்த தட்டிலேயே சிரித்துச் சோற்றைச் சிந்தினார்.

இப்படி ஆறு வருஷம் ஓடியது. அப்போதுதான் கம்பெனியில் வர்ணனை எழுதிக்கொண்டிருந்தவர் வேறு கம்பெனிக்குப் போய்விட்டார். அதே வாரம் சுகாதார அலுவலகத்திலிருந்து ஒரு படத்துக்கு ஆர்டர் வந்தது. ரத்தக்கொதிப்பு உள்ளவர்கள் ஒழுங்காக மாத்திரை சாப்பிட வேண்டும் என்று சொல்கிற பதினைந்து நிமிஷப் படம். கிளினிக்குகளில் காத்திருக்கிற இடத்தில் டிவியில் போடுவார்கள்.

டைரக்டர் அவள் அறைக் கதவைத் திறந்து, நின்றபடியே சொன்னார்.

"இருமலக்கா, இந்தப் படத்தை நீ எழுது."

"நானா சார்?"

"இங்க வேற யாரு இருக்கா? சுவரா எழுதும்? நல்லா வந்துச்சுன்னா இனிமே எல்லாப் படமும் நீதான். சொதப்பினா வெளியிலிருந்து ஆள் பார்த்துக்கறேன், நீ பழையபடி ஹெட்போனை மாட்டிக்க. வருத்தப்படக் கூடாது, சரியா?"

வீட்டில் கணவரிடம் சொன்னாள். அவர் கையிலிருந்த கிரீஸைத் துடைத்துக்கொண்டே, "உனக்குப் பேச வராதுன்னு உலகத்துக்கே தெரியும். எழுதவும் வராதுன்னு இன்னும் யாருக்கும் தெரியாதில்ல? தைரியமா எழுது" என்றார். அவர் ஆறுதல் சொல்கிற பாணி அப்படித்தான் இருக்கும். ஆனால் இரவெல்லாம் அவளுக்கு ஒரே எண்ணம்தான்: இந்த ஒரு படம் தேறிவிட வேண்டும். ஆறு வருஷமாக மற்றவர்கள் பேச்சைக் கேட்டுக் கேட்டு அவளுக்குள்ளும் சொல்வதற்கு நிறையச் சேர்ந்துவிட்டது. அதைச் சொல்ல வாய் ஒத்துழைக்கவில்லை. கைக்கு ஒரு சந்தர்ப்பம் வந்திருக்கிறது. அதை நழுவவிட மனசில்லை.

படத்துக்கு ஒரு முன்மாதிரி நோயாளி வேண்டும். கிளினிக் நர்ஸ் யோசிக்கவே இல்லை. "எங்க தையல்காரர் இருக்காரே! ரெண்டு வருஷமா ஒவ்வொரு செக்கப்பிலும் பிரஷர் அளவு அச்சடிச்ச மாதிரி இருக்கும். டாக்டர் மத்தவங்களுக்கெல்லாம் அவரைத்தான் காட்டுவார்" என்றாள்.

தையல்காரருக்கு ஐம்பத்தைந்து வயசு இருக்கும். வீட்டின் முன்னறையே கடை. இரண்டு மெஷின், வெட்டுகிற நீள மேசை, கழுத்தில் அளவு நாடா. மனைவி உள்ளறையில் பொத்தான் தைத்துக்கொண்டிருப்பார். முதல் நாள் பார்க்கப் போனபோதே இருமலக்காவுக்கு அவரைப் பிடித்துப்போயிற்று. அவரும் ஆளைப் பார்த்தே அளவு சொல்கிறவர்.

"தங்கச்சிக்கு இடது தோள் கொஞ்சம் இறங்கியிருக்கு. அந்தப் பக்கம் பை மாட்டற வழக்கமா?" என்றார்.

"ஆமாண்ணே."

"எழுதறவங்க எல்லாம் இப்படித்தான். சாஞ்சே போயிடுவாங்க."

படப்பிடிப்பு காலையில் ஆரம்பித்தது. முதல் காட்சி இதுதான்: தையல்காரர் சாப்பிட்டு முடித்து, அட்டையிலிருந்து ஒரு மாத்திரையைப் பிதுக்கி எடுத்து, வாயில் போட்டு, தண்ணீர் குடிக்க வேண்டும். அவ்வளவுதான். இம்மாதிரிக் காட்சிகளுக்கு நிஜ மாத்திரை கூடாது என்பது கம்பெனி வழக்கம். இருமலக்காவும் மறக்காமல் பெப்பர்மிண்ட் வாங்கிப் பையில் வைத்திருந்தாள். ஆனால் தையல்காரரின் மாத்திரை நல்ல நீல நிறம், பெப்பர்மிண்ட் வெள்ளை. டைரக்டர் இரண்டையும் உள்ளங்கையில் வைத்துப் பார்த்துவிட்டு முகத்தைச் சுளித்தார்.

"வெள்ளையெல்லாம் எடுபடாது. நீலம் எவ்வளவு அழகா இருக்கு பாரு! ஒரு மாத்திரைதானே? எப்படியும் அவர் இப்ப சாப்பிட வேண்டிய மாத்திரைதான். ஒரே டேக்கில் முடிச்சிடலாம்."

உலகத்தில் எந்த டைரக்டரும் ஒரே டேக்கில் முடித்ததில்லை. முதல் டேக்கில் தெருவில் ஒரு லாரி ஹாரன் அடித்தது. இரண்டாவதில் தையல்காரர் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டார். மூன்றாவதில் தண்ணீர் சட்டையில் சிந்தியது, சட்டை மாற்றினார்கள். நாலாவதில் வெளிச்சம் போய்விட்டது. ஐந்தாவது நன்றாக வந்தது, ஆனால் மனைவி பின்னால் நின்றால் இன்னும் நன்றாக இருக்கும் என்று டைரக்டருக்குத் தோன்றிவிட்டது. ஒவ்வொரு தடவையும் தையல்காரர் மறு பேச்சில்லாமல் புது மாத்திரையைப் பிதுக்கி வாயில் போட்டுத் தண்ணீர் குடித்தார். நல்ல மனுஷன், யாருக்கும் இல்லை என்று சொல்லத் தெரியாது.

இருமலக்கா ஓரத்தில் ஸ்டூலில் உட்கார்ந்து குறிப்பெடுத்துக்கொண்டிருந்தாள். ஒரு டேக்குக்கும் அடுத்த டேக்குக்கும் வித்தியாசம் வரக் கூடாது என்பதற்காக எழுதுகிற குறிப்பு. டம்ளர் எந்தக் கையில் இருந்தது, காலர் பொத்தான் போட்டிருந்ததா, தண்ணீர் எத்தனை மடக்கு என்று எல்லாவற்றையும் எழுத வேண்டும். இரண்டாவது டேக்கில் அவள் எழுதினாள்: "கடைசியில் வாய் துடைக்கிறார். இடது கை. கைக்குட்டை பேன்ட்டின் இடது பாக்கெட்." மூன்றாவதில் அதையே எழுதப் போனபோது பேனா நின்றது. தையல்காரர் எல்லாவற்றையும் வலது கையால் செய்கிறவர். கத்தரி வலது கை, டம்ளர் வலது கை, கும்பிட்டு வழியனுப்பும்போதுகூட வலது கைதான் முந்தும். டம்ளரைக் கீழே வைத்த பிறகும் வாய் துடைக்க மட்டும் ஏன் இடது கை? நாலாவது டேக்கில் அவள் முகத்தைப் பார்க்கவில்லை, கன்னத்தைப் பார்த்தாள். தண்ணீர் உள்ளே போனது. மாத்திரை கன்னத்துக்குள் ஒதுங்கியது. கைக்குட்டை வந்தது. கன்னம் சமமானது.

பழகிய கை. இன்றைக்கு நேற்று கற்றுக்கொண்டதாகத் தெரியவில்லை. இந்த மனுஷன் மாத்திரையே சாப்பிடுவதில்லை.

சொல்லலாமா? சொன்னால் முன்மாதிரி நோயாளி போச்சு, படம் போச்சு, ஹெட்போன் காத்துக்கொண்டிருக்கிறது. சொல்லாமல் விட்டால் பதினைந்து நிமிஷம் பச்சைப் பொய்யை அவளே எழுத வேண்டும். ஐந்தாவது டேக்கின் குறிப்பில் அவள் எதையுமே எழுதவில்லை.

ஆறாவது டேக் ஓகே ஆனது. எல்லாரும் கை தட்டினார்கள். கேமராமேன் மட்டும் அட்டையை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, "சார்" என்றார். குரல் சரியில்லை. "இதில் ஆறு மாத்திரை காலி சார். எல்லாம் நிஜ மாத்திரை."

ஒரு நிமிஷம் யாருக்கும் மூச்சு வரவில்லை. அப்புறம் எல்லாருக்கும் ஒரே சமயத்தில் வந்தது. டைரக்டர் பேயறைந்த மாதிரி நின்றார். தையல்காரரின் மனைவி பொத்தான் டப்பாவைக் கீழே போட்டார். அறை முழுக்கப் பொத்தான் உருண்டது. யாரோ கிளினிக்குக்குப் போன் போட்டார்கள். "ஆறா?" என்று நர்ஸ் கத்தியது போனுக்கு வெளியே கேட்டது. "பிரஷர் அதலபாதாளத்துக்குப் போயிடும். படுக்க வெச்சு உடனே பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்க. வயித்தைக் கழுவணும்!"

"எனக்கு ஒண்ணும் இல்லீங்க. நல்லாத்தான் இருக்கேன்" என்றார் தையல்காரர்.

"நீங்க பேசாம படுங்க!" என்று மனைவி அழுதார். "ஆறு மாத்திரையை முழுங்கிட்டு நல்லா இருக்காராம்! ஒரு ஆள் சொன்னா ஆறு தடவை முழுங்குவீங்களா? கத்தரியை முழுங்கச் சொன்னா அதையும் முழுங்குவீங்களா?"

"வண்டியைக் கதவுகிட்ட கொண்டு வாங்க!" என்று டைரக்டர் கத்தினார்.

வெட்டுகிற மேசை மேல் தையல்காரரைப் படுக்க வைத்தார்கள். அவர் உத்தரத்தைப் பார்த்தார், மனைவியைப் பார்த்தார், கடைசியில் இருமலக்காவைப் பார்த்தார். அந்தப் பார்வையில் அவருக்கும் தெரிந்துவிட்டது, அவளுக்குத் தெரியும் என்று. கொஞ்சம் தலையை ஆட்டினார். வேண்டாம் என்று கெஞ்சுகிற ஆட்டல்.

ஆஸ்பத்திரியில் மூக்கு வழியாகக் குழாய் விடுவார்கள். எதுவும் இல்லாத வயிற்றைக் கழுவுவார்கள். இத்தனை பேர் நடுவில் பேச வேண்டும் என்ற எண்ணமே அவள் காதைக் கொதிக்க வைத்தது. அவள் எழுந்து, உருண்டு கிடந்த பொத்தான்களை மிதிக்காமல் நடந்து, மேசைப் பக்கம் குனிந்தாள்.

"அண்ணே, நீங்க சொல்றீங்களா, நான் சொல்லட்டுமா?"

"எதைம்மா?"

"இடது பாக்கெட்டை."

தையல்காரர் கண்ணை மூடித் திறந்தார். மெதுவாக எழுந்து உட்கார்ந்தார். பாக்கெட்டில் கை விட்டுக் கைக்குட்டையை எடுத்து, மடிப்பு மடிப்பாகப் பிரித்து மேசையில் வைத்தார். ஆறு மாத்திரைகள், பாதி கரைந்து, துணியெல்லாம் நீலத்தை அப்பிவிட்டுக் கிடந்தன.

மனைவி கிட்டே வந்தார். மாத்திரையைப் பார்த்தார், துணியைப் பார்த்தார்.

"இந்த நீலக் கறையா?" என்றார். "ரெண்டு வருஷமா இந்தக் கறை எங்கிருந்து வருதுன்னு நான் சோப்பை மாத்திக்கிட்டே இருக்கேன். ஏழு சோப்பு மாத்தியாச்சு! தண்ணியில கோளாறுன்னு பக்கத்து வீட்டுல சண்டை வேற போட்டேன்!"

கேமராமேனுக்குச் சிரிப்பு பீறிட்டது. கேமராவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார். மனைவி சிரித்தாரா அழுதாரா என்று பிரிக்க முடியவில்லை. டைரக்டர் தரையில், பொத்தான்கள் நடுவிலேயே, அப்பாடா என்று உட்கார்ந்துவிட்டார்.

இருமலக்கா அதற்குள் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டிருந்தாள். "கடைசியா எப்பண்ணே நிஜமா முழுங்கினீங்க?" என்று கேட்டாள். அவள் குரலில் குற்றம் இல்லை. பஸ் எப்போது வரும் என்று கேட்கிற மாதிரிதான் கேட்டாள்.

"போன செக்கப்புக்கு நாலு நாள் முன்னாடி ஆரம்பிச்சேன். செக்கப் முடிஞ்ச அன்னிக்கு நிறுத்திட்டேன். எப்பவும் அப்படித்தான்."

"ஏன்?"

"முதல் வாரம் ஒழுங்காத்தான் முழுங்கினேன். தலை கொஞ்சம் கிறுகிறுன்னு இருந்துச்சு. கோட்டுக் காலரைக் கோணலா வெட்டிட்டேன். முப்பது வருஷத்துல முதல் தடவை. மாத்திரைதான் காரணம்னு மனசுல விழுந்துடுச்சு."

"டாக்டர்கிட்ட சொல்லியிருக்கலாமே?"

"சொல்லத்தான் போனேன். உள்ள நுழைஞ்சதுமே அளவைப் பார்த்துட்டு, 'பிரமாதம், உங்களை மாதிரி எல்லாரும் இருந்தா எனக்கு வேலையே இருக்காது'ன்னார். எவ்வளவு சந்தோஷமாச் சொன்னார் தெரியுமா? அதைக் கெடுக்க மனசு வரல. அடுத்த தடவை இன்னும் சந்தோஷப்பட்டார். அப்புறம் எப்படிச் சொல்றது?" மனைவி பக்கம் திரும்பி, "இவகிட்டச் சொன்னா அவர்கிட்டச் சொல்லிடுவா" என்றார்.

"சொல்லாம?" என்றார் மனைவி.

டைரக்டர் எழுந்து, கேமராவில் எரிந்துகொண்டிருந்த சிவப்பு விளக்கைப் பார்த்தார். அணைக்க எல்லாருக்கும் மறந்துபோயிருந்தது. அவர் முகம் மலர்ந்தது. "இருமலக்கா, எல்லாம் பதிவாகியிருக்கு! இதுதான் படம்!"

"அண்ணன் சரின்னு சொன்னாத்தான் சார்" என்றாள் அவள். அவளுக்கே ஆச்சரியம், குரல் நடுங்கவில்லை. "இல்லைன்னா நான் எழுத மாட்டேன்."

தையல்காரர் மனைவியைக் கை காட்டினார். "அவ சொல்லட்டும். சோப்பு போட்டவ அவதான்."

மனைவி யோசித்தார். "நான் அழுததை எடுத்துடுங்க. சோப்பைப் பத்திச் சொன்னதை வெச்சுக்குங்க. இவருக்கு வேற நல்ல மாத்திரையா எழுதித் தரச் சொல்லி டாக்டர்கிட்ட நீங்களே கூட்டிட்டுப் போகணும். இவரைத் தனியா அனுப்பினா, அங்க போயும் சந்தோஷப்படுத்திட்டு வந்துடுவார்."

அன்று மத்தியானமே போனார்கள். டாக்டர் நிஜ அளவைப் பார்த்ததும் சிரிப்பை மறந்துவிட்டார். தலை கிறுகிறுக்காத வேறு மாத்திரை எழுதினார். தையல்காரர் அதை அங்கேயே, எல்லார் முன்னாலும், வாயைத் திறந்து காட்டி முழுங்கினார்.

ஆனால் சுகாதார அலுவலகத்தின் அதிகாரி படத்தைப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினார். மாநாட்டு மேசையில் பத்துப் பேர். "நாங்க கேட்டது ஒழுங்கா மாத்திரை சாப்பிடறவர். நீங்க கொண்டு வந்தது துப்பறவர். தலைகீழா இருக்கே? இதை எப்படிங்க மக்களுக்குப் போடறது?"

டைரக்டர் என்னென்னவோ சமாதானம் சொன்னார். எதுவும் எடுபடவில்லை. கடைசியில் கை விரித்து, "எழுதினது இவங்கதான்" என்று இருமலக்காவைக் காட்டினார். பத்து முகங்கள் திரும்பின. காது கொதித்தது. அவள் மேசை மரத்தின் கோடுகளைப் பார்த்தபடியே பேசினாள்.

"ஒழுங்கா முழுங்கறவங்களுக்குப் படம் தேவையில்லையே சார். அவங்கதான் முழுங்கறாங்களே."

அதிகாரி பேனாவை மூடினார், திறந்தார். பக்கத்தில் இருந்தவரிடம் ஏதோ கிசுகிசுத்தார். "கிளினிக் போர்டு தெரியற இடத்தை வெட்டிடுங்க. மத்ததை... சரி, போடுங்க."

தேறிவிட்டது. ஹெட்போன் அறைக்கு வேறு ஒரு பெண் வந்தாள். இருமலக்காவுக்கு ஜன்னல் பக்கம் ஒரு மேசை கிடைத்தது. படத்தில் அவள் பெயர் வந்த இரண்டு விநாடியை அவள் கணவர் டிவியில் நிறுத்திப் போட்டோ எடுத்தார். மாமியார் கண்ணாடியைத் துடைத்துப் பார்த்துவிட்டு, "எழுத்து ரொம்பச் சின்னது" என்றார்.

ஒரு மாதம் கழித்து அதே கிளினிக்குக்கு அவள் போனாள். காத்திருக்கிற இடத்தில் டிவி ஓடிக்கொண்டிருந்தது. சோப்புக் கட்டம் வந்தபோது வரிசையில் இருந்தவர்கள் குலுங்கினார்கள். ஒரு அம்மா மட்டும் சிரிக்கவில்லை. கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டார். கூப்பிட்டதும் உள்ளே போனவர் வெளியே வர வெகு நேரம் ஆனது.

டாக்டர் தலையை நீட்டி, "எழுதினது நீங்கதானே? உள்ள வாங்க" என்றார். அறையில் அவர் தலை கலைந்திருந்தது. "என்ன வேலை பண்ணி வெச்சிருக்கீங்க? முன்னாடியெல்லாம் ஆளுக்கு அஞ்சு நிமிஷம். இப்ப வர்றவங்க எல்லாரும் 'டாக்டர், ஒரு உண்மையைச் சொல்லணும்'னு ஆரம்பிக்கறாங்க. நேத்து ஒருத்தர் ஒரு பை நிறைய மாத்திரையைக் கொண்டு வந்து மேசையில கொட்டினார். மத்தியானம் சாப்பிட நேரமில்லை எனக்கு!"

கோபம் மாதிரிதான் பேசினார். ஆனால் நோயாளி நாற்காலி முன்பைவிட அவர் பக்கம் நெருங்கிப் போடப்பட்டிருந்ததை அவள் கவனித்தாள். மேசைக்கு எதிரே இருந்தது, இப்போது பக்கத்தில் இருந்தது.

"அடுத்த படம் எதைப் பத்தி?" என்றார்.

"டாக்டருங்களைப் பத்தி சார்."

"எங்களைப் பத்தியா? நாங்க என்ன பண்ணினோம்?"

"ஒண்ணும் பண்ணல சார். நோயாளி பேச ஆரம்பிச்சு எத்தனை விநாடியில டாக்டர் குறுக்கே..."

"அதெல்லாம் சும்மா சொல்றது! நான் யார் பேச்சிலயும் குறுக்கே பேசறதே இல்லை, முழுசாக் கேட்டுட்டுத்தான்..." என்றவர், அவள் மணியைப் பார்த்து நோட்டில் ஏதோ குறித்துக்கொள்வதைக் கண்டு பாதியில் நிறுத்தினார்.

"என்ன எழுதினீங்க?"

"நாலு விநாடி சார்" என்றாள் இருமலக்கா.